கோல் வாசலில் ஒரு ஆளுக்குத்தான் இடம்

கீப்பர் வேலையில் ஒரு வசதி இருக்கிறது: நீங்கள் பிழை விட்டால் யாரும் வந்து சொல்லத் தேவையில்லை, பின்னால் வலை ஆடும்.

ஒரு பிழை விட்டு, அது உடனேயே எல்லாருக்கும் தெரிந்து, அதற்குப் பிறகும் அதே இடத்தில் நின்று மிச்ச வேலையை முடிக்க வேண்டியிருந்த எவரும் என்னுடைய ஆட்கள்தான். நீங்கள் பஸ் ஓட்டுகிறவராக இருக்கலாம், ஆஸ்பத்திரியில் ஊசி போடுகிறவராக இருக்கலாம், கலியாண வீட்டுக்குப் புரியாணி போடுகிறவராக இருக்கலாம். உங்களுக்கு நான் அதிகம் விளக்க வேண்டியதில்லை.

என் பெயர் ஜெனிற்றா. ஜெர்மனியில் ஹம் என்ற ஊரில் பிறந்து வளர்ந்தேன். அப்பாவுக்குப் பொருட்கிடங்கில் வேலை, அம்மாவுக்கு முதியோர் இல்லத்தில். சின்ன வயதிலிருந்து எனக்குத் தெரிந்த பந்து ஹாண்ட்பால் ஒன்றுதான்: மண்டபத்துக்குள், கையால் எறிகிற விளையாட்டு, சின்னக் கோல். அதிலே நான் கீப்பர். கார்ல்ஸ்ரூஹேக்கு இயந்திரவியல் படிக்கப் போனபோதும் அங்கே ஒரு கழகத்தில் சேர்ந்து அதையே விளையாடினேன். உதைபந்து நான் தேடிப் போனதல்ல.

பிடிக்கவும் விடுவார்கள்

பல்கலைக்கழகப் பெண்கள் உதைபந்து அணியின் கீப்பர் ஒரு அரையாண்டுக்கு ஸ்பெயினுக்குப் படிக்கப் போய்விட்டாள். பின்வரிசையில் விளையாடிய சபீனே மாணவர் உணவகத்தில் என் தட்டுக்கு முன்னால் வந்து நின்றாள். "நீ ஹாண்ட்பால் கீப்பர்தானே? இங்கே கோல் கொஞ்சம் பெரிது, அவ்வளவுதான்," என்றாள். கொஞ்சமா? முதல் நாள் அந்தக் கோல் கம்பங்களுக்கு நடுவில் போய் நின்றபோது, ஒரு வீட்டின் முன்சுவரை இடித்துவிட்டு அந்த ஓட்டையைக் காவல் காக்கச் சொன்னது போல இருந்தது.

ஹாண்ட்பாலில் கீப்பர் பந்தைப் பிடிக்க நினைப்பதில்லை. எறிகிறவள் அவ்வளவு கிட்ட நிற்பாள். கையையும் காலையும் விரித்துப் பாய்ந்து, உடம்பில் எங்கேயாவது படவிடுவதுதான் தொழில். முதல் ஆட்டத்தில் நானும் அதையே செய்தேன். எதிரணிக்காரிகள் அடித்தார்கள், தடுத்தேன். தடுத்த பந்து அவர்கள் காலடிக்கே போனது. திரும்ப அடித்தார்கள், வலை ஆடியது. கொஞ்ச நேரத்தில் அதே மாதிரி இன்னொன்று. பிறகும் ஒன்று. ஒவ்வொரு தடவையும் முதல் அடியைத் தடுத்த சந்தோஷத்தில் நான் கையை உயர்த்திக்கொண்டு நின்றதுதான் கொடுமை. கடைசியில் சபீனே மூச்சு வாங்க ஓடிவந்து, என் தோளில் கையை வைத்து, மிகவும் மரியாதையாகச் சொன்னாள்: "ஜெனி, இந்த விளையாட்டில் பந்தைப் பிடிக்கவும் விடுவார்கள்."

ஒரே சனிக்கிழமை

பிடிக்கப் பழகினேன். ஸ்பெயினுக்குப் போனவள் திரும்பி வந்த பிறகும் அணி என்னை விடவில்லை. படிப்பு முடிகிற வரைக்கும் கிழமையில் பாதி மண்டபத்தில், பாதி புல்லில். விரல்கள் எப்போதும் வீங்கியே இருந்தன, எந்தப் பந்தால் வீங்கியது என்று எனக்கே தெரியாது. கடைசி வருஷம் இரண்டும் ஒன்றாக வந்து மோதின. என் ஹாண்ட்பால் கழகம், வென்றால் மேல் பிரிவுக்குப் போகிற ஆட்டத்துக்கு வந்துவிட்டது. அதே சனிக்கிழமை, ஹம்பேர்க்கில் ஒரு தொழில்முறைப் பெண்கள் உதைபந்துக் கழகம் என்னைத் தேர்வுப் பயிற்சிக்குக் கூப்பிட்டது. நாளை மாற்றக் கேட்டேன். இரண்டு பக்கமும் ஏலாது என்றார்கள்.

அப்பாவுக்கு ஃபோன் எடுத்தேன். அவர் விளையாட்டைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. "எதை விட்டா உனக்கு நித்திரை வராதோ, அதுக்குப் போ பிள்ளை," என்றார். ஹாண்ட்பாலில் நான் எவ்வளவு தூரம் போவேன் என்று எனக்குத் தெரியும். உதைபந்தில் தெரியாது. தெரியாததுதான் நித்திரையைக் கெடுக்கும் என்று பட்டது. ஹாண்ட்பால் அணித் தலைவி மிரியமிடம் போய்ச் சொன்னேன். எனக்குப் பதிலாக நிற்கப்போகிறவள் அந்த வருஷம்தான் கீழ் அணியிலிருந்து வந்தவள். மிரியம் என்னைத் திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். தலையை ஆட்டிவிட்டுப் போய்விட்டாள்.

அந்தச் சனிக்கிழமை ஹம்பேர்க் போன ரயில் ஹனோவருக்கு முன்னால் வழியில் நின்றுவிட்டது. காரணம் சொல்லவில்லை. ஜன்னலுக்கு வெளியே ஒரு வயல், அதில் ஒரு உழவு இயந்திரம் மெதுவாகப் போய் மெதுவாகத் திரும்பி வந்தது. தேர்வும் போய், ஆட்டமும் போய், நான் இந்த வயலைப் பார்த்துக்கொண்டு இருக்கப்போகிறேன் என்று நினைத்தேன். ரயில் நகர்ந்தது. ஓடி, எஸ்-பான் என்ற நகர ரயிலைப் பிடித்து, உடுப்பை மாற்றும்போதே மூச்சு வாங்கியது. பயிற்சி முடிந்து பையைத் திறந்தபோதுதான் மிரியமின் செய்தியைப் பார்த்தேன்: "நீ இல்லாமலே வென்றுவிட்டோம். இதற்குச் சந்தோஷப்படுவதா அழுவதா என்று நீயே முடிவு செய்துகொள்."

என்ன வேலை?

ஹம்பேர்க்கில் என்னை எடுத்தார்கள். கீப்பர் பயிற்சியாளர் உவே மொட்டைத்தலை, சிரிக்காத மனிதர். "உன் கைகள் இரண்டும் பலகை," என்றார். "அதைத் திருத்தலாம். ஆனால் ஓடிவருகிறவளுக்கு முன்னால் கண்ணை மூடாமல் நிற்கிறாய். அதை யாருக்கும் பழக்க முடியாது." படிப்பை முடித்த கையோடு இடம் மாறினேன். முதல் கீப்பர் கத்ரின். என்னைவிட அனுபவசாலி, உயரமானவள், என்னைக் கண்டால் நாகரிகமாக ஹலோ சொல்லுவாள், அதற்கு மேல் ஒன்றுமில்லை. நான் இரண்டாவது. அதாவது, பெஞ்ச்.

ரயில் நிலையத்துக்குக் கிட்ட நம்மவர் கடை ஒன்றில் மரக்கறி வாங்கப் போவேன். கடைக்கார அண்ணை ஒருநாள் முருங்கைக்காயை நிறுத்துக்கொண்டே கேட்டார்: "தங்கச்சி என்ன வேலை செய்யிறியள்?"

"புட்போல் விளையாடுறன் அண்ணை."

"அது சரி. வேலை?"

"அதுதான் அண்ணை வேலை."

அவர் தராசை விட்டுவிட்டு நிமிர்ந்தார். எந்தக் கழகம், எந்த நாள் ஆட்டம், எந்த இடத்தில் நிற்கிறேன் என்று வரிசையாகக் கேள்வி. ரிசேர்வ் கீப்பர், இன்னும் ஒரு ஆட்டத்திலும் இறங்கவில்லை, வெளியில் இருந்து பார்க்கிறேன் என்றேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது. "விளையாடாம இருக்கிறதுக்கும் சம்பளம் தாறாங்களோ? அப்ப விட்டிடாதேங்கோ தங்கச்சி, நல்ல வேலை!"

வலது பக்கம்

பெஞ்சில் இருக்கிற கீப்பரின் மனசைப் பற்றி ஒரு உண்மை. மற்ற ஆட்டக்காரர்கள் களைத்தால் மாற்றுவார்கள். கீப்பரை அப்படி மாற்றுவதில்லை. அவளுக்கு ஏதாவது நடந்தால்தான் உங்களுக்கு இடம். ஒன்றும் நடக்கக் கூடாது என்று வாயால் சொல்லிக்கொண்டே, அவள் ஒவ்வொரு தடவை விழும்போதும் உங்கள் காலில் சப்பாத்துக் கயிறு இறுக்கமாக இருக்கிறதா என்று குனிந்து பார்ப்பீர்கள்.

ஒரு இலையுதிர்கால ஆட்டத்தில் கத்ரின் முன்னால் ஓடிவந்த எதிரணிக்காரியின் காலடியில் பாய்ந்தாள். இரண்டு பேரும் விழுந்தார்கள். எதிரணிக்காரி எழும்பிவிட்டாள். கத்ரின் முழங்காலைப் பிடித்துக்கொண்டு கத்திய கத்தலில் மைதானமே அடங்கிவிட்டது. நடுவர் எதிரணிக்குப் பெனால்டி கொடுத்திருந்தார். உவே என் மேல்சட்டையை உரித்து எடுத்து, முதுகில் ஒரு தள்ளு தள்ளினார். உடம்பு இன்னும் குளிரில் விறைத்துத்தான் இருந்தது. தூக்குப் படுக்கையில் கொண்டுபோகும்போது கத்ரின் என் மணிக்கட்டை எட்டிப் பிடித்தாள். "வலது பக்கம். பெனால்டி அடிக்கிறவள் எப்போதும் வலது பக்கம்தான் அடிப்பாள்," என்றாள்.

நான் வலது பக்கம் பாய்ந்தேன். முழு நீளத்துக்கு, அழகாக. பந்து இடது பக்கம் போனது. தொழில்முறை உதைபந்தில் நான் முதன்முதலில் தொட்ட பந்து வலைக்குள்ளிருந்து எடுத்த பந்துதான். மிச்ச நேரம் எப்படி நின்றேன் என்று நினைவில்லை, தோற்றோம். அடுத்த நாள் ஆஸ்பத்திரிக்குப் போனேன். முழங்கால் தசைநார் முழுக்க அறுந்துவிட்டதாம், அந்தப் பருவமே அவளுக்கு முடிந்தது. அவள் கண்கள் அழுது சிவந்திருந்தன, ஆனால் கோபம் வேறு விஷயத்துக்கு: "நான் சொன்னது அவளுடைய வலது பக்கம்!"

அம்மா கேட்ட ஆட்டம்

அதற்குப் பிறகு நான்தான் முதல் கீப்பர். அம்மா ஹம்மிலிருந்து ரயில் ஏறி, ஆட்டம் பார்க்க முதன்முறையாக வந்தா. கோயிலுக்குப் போகிற கோட்டுப் போட்டு, கைப்பையை மடியில் வைத்து, பக்கவாட்டு இருக்கையில் இருந்தா. அன்றைக்கு எதிரணி எங்களைப் போட்டு அடித்தது. பந்து எங்கள் பக்கமே கிடந்தது. ஒரு தடவை கம்பத்தில் என் தோள் மோதி எழும்பும்போது அம்மாவைத் தேடினேன். இருக்கையில் அவவின் முதுகுதான் தெரிந்தது. மைதானத்துக்குப் பின்பக்கம் காட்டித் திரும்பி நின்றிருந்தா. பக்கத்திலிருந்த முன்பின் தெரியாத ஜெர்மன்காரர் ஒருவர் கையை ஆட்டி ஆட்டி, நடப்பதை எல்லாம் அவவுக்கு விளக்கிக்கொண்டிருந்தார்.

ஒரு கோலும் விடாமல் ஆட்டத்தை முடித்தோம். வெளியில் வந்து, "எப்பிடி அம்மா?" என்று கேட்டேன். அம்மா என் தோளைத் தடவி, முகத்தைத் தடவி, பல்லெல்லாம் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுச் சொன்னா: "நான் எங்க பார்த்தனான்? சத்தத்தைத்தான் கேட்டனான். ஒவ்வொரு சத்தத்துக்கும் ஒருக்காச் செத்தன்."

டொக்டரின் கேள்விகள்

அடுத்த பருவத்தில், ஒரு மூலை உதையின்போது நான் பந்துக்குப் பாய, எங்கள் அணிக்காரி ஒருத்தியின் முழங்கால் என் காதுக்கு மேலே பட்டது. கண் திறந்தபோது வானம் தெரிந்தது. கழகத்தின் டொக்டர், ஒரு வயதான அம்மா, எனக்கு மேலே குனிந்துகொண்டு இருந்தா. எந்த ஊரில் இருக்கிறோம், யாருடன் விளையாடுகிறோம், எத்தனை கோல் என்று கேட்டா. எல்லாவற்றுக்கும் தெளிவாக, பிழையில்லாமல் பதில் சொன்னேன். அவவின் முகம் மாறிக்கொண்டே போனது. எனக்குக் கோபம் வந்தது. அவ்வளவு சரியாகச் சொல்கிறேன், இந்த மனிசிக்கு என்ன வேணும்?

உவே பக்கத்தில் மண்டியிட்டு இருந்தார். அவர் முகத்தில் நான் அதுவரை பார்க்காத பயம். அதைப் பார்த்த பிறகுதான் என் குரல் எனக்கே கேட்டது. "நாங்கள் ஒண்டுக்கு ஒண்டு, டொக்டர், நான் விளையாடுவன், விடுங்கோ," என்று சொல்லிக்கொண்டிருக்கிறேன். சொல்ல நினைத்தது ஜெர்மன். வாயிலிருந்து வந்ததெல்லாம் தமிழ். ஜெர்மன் வார்த்தை ஒன்றைத் தேடினேன், கிடைக்கவில்லை. அது எங்கேயோ பூட்டின அறைக்குள் இருந்தது. டொக்டர் என் கையைப் பிடித்துக்கொண்டு, அவசரமில்லாமல் சொன்னதை ஆஸ்பத்திரியில் உவேதான் எனக்கு மறுபடி சொன்னார்: "எல்லாம் சரியாகத்தான் சொல்லியிருப்பாய் பிள்ளை. ஆனால் எனக்குப் புரிகிற மொழியில் சொல்லும்வரைக்கும் நீ எங்கேயும் விளையாடப் போவதில்லை."

கண்

ஜெர்மன் அன்று மாலையே திரும்பி வந்துவிட்டது. பழைய தெளிவு வரவில்லை. கிழமைக்கணக்காக வெளிச்சம் குத்தியது, படிக்கட்டில் தலை சுற்றியது. டொக்டர்கள் விளையாடலாம் என்று சொன்ன பிறகு முதல் பயிற்சிக்குப் போனேன். உவே பந்தை அடித்தார். நான் கண்ணை மூடிவிட்டேன். அடுத்ததும் அப்படியே. யாருக்கும் பழக்க முடியாது என்று அவர் சொன்ன அந்த ஒன்று என்னிடம் இல்லாமல் போயிருந்தது. அவர் பந்துகளைப் பொறுக்கப் போய்விட்டார். அதே நேரம் கத்ரின் முழங்கால் தேறி ஓடத் தொடங்கியிருந்தாள். பயிற்சி மைதானத்தின் மறுபக்கத்தில் அவள் பாய்ந்து பாய்ந்து பிடிக்கிற சத்தம் எனக்குக் கேட்டுக்கொண்டே இருந்தது.

மிரியமுக்கு மட்டும் ஃபோன் எடுத்துவிட்டு, கழகத்தில் யாரிடமும் சொல்லாமல் கார்ல்ஸ்ரூஹேக்கு ரயில் ஏறினேன். மிரியம் மண்டபத்தைத் திறந்து வைத்திருந்தாள். சின்னக் கோலில் நின்று, "எறி," என்றேன். குழந்தைக்கு எறிவது போல எறிந்தாள். "சரியா எறி!" கொஞ்சம் வேகமாக எறிந்தாள், கண் மூடியது. திரும்ப, கண் மூடியது. வியர்வையில் சட்டை ஒட்டிக்கொண்டது. இதுதான் முடிவு என்றால் இங்கேயே முடியட்டும், ஹம்பேர்க்கில் எல்லாரும் பார்க்க வேண்டாம் என்று நினைத்தேன். அழுகை வந்தது. அழுதுகொண்டே நின்றேன். அவள் எறிந்துகொண்டே இருந்தாள். அப்போது ஒரு பந்து நேரே என் வயிற்றில் வந்து விழுந்தது. மூச்சு நின்று, குனிந்து, நிமிர்ந்தபோது எனக்குத் தெரிந்த மூன்று மொழியிலும் அவளைத் திட்டினேன். அடுத்த பந்து வந்தது. திட்டிக்கொண்டே காலால் தடுத்தேன். அதற்கடுத்ததும். அவள் பந்தைக் கீழே போட்டாள். "இப்போது கண்ணைத் திறந்து வைத்துக்கொண்டு திட்டுகிறாய். போதும், வா, சாப்பிடப் போகலாம்."

இடைவேளை

பருவத்தின் கடைசி ஆட்டம். சமநிலை எடுத்தால் தப்புவோம், தோற்றால் கீழ் பிரிவு. கீழே போனால் கழகம் எங்களில் பாதிப் பேரை வைத்திருக்காது, அது எல்லாருக்கும் தெரியும். உவே கத்ரினைத் தேர்ந்தெடுத்தார். ஆட்டத்துக்கு முன் முதல் கீப்பரின் உடம்பைச் சூடாக்குவது இரண்டாவது கீப்பரின் வேலை. மழையில் நின்று அவளுக்குப் பந்து அடித்துக் கொடுத்தேன். கொஞ்சம் பலமாகத்தான் அடித்தேன். அவளும் எல்லாவற்றையும் பிடித்தாள்.

இடைவேளைக்குச் சற்று முன், உயரத்தில் வந்த பந்தைப் பிடித்துவிட்டு இறங்கும்போது கத்ரினின் கால் ஒரு கணம் மடிந்தது. உடனே எழும்பிவிட்டாள். வேறு யாரும் கவனிக்கவில்லை. நான் பெஞ்சில் இருந்து அவளைத் தவிர வேறு யாரையும் பார்ப்பதில்லை. உடுப்பு மாற்றும் அறைக்குப் போனதும் அவள் நேரே கழுவும் அறைக்குள் போனாள். பின்னால் போனேன். காலுறையை இறக்கியிருந்தாள். முழங்கால் வீங்கி, ஒரு பக்கம் கோணலாகத் தெரிந்தது.

"உவேயிடம் சொல்," என்றேன்.

"இன்னும் பாதி ஆட்டம்தான். தாங்கும்."

"தாங்காது. இரண்டாவது தரம் அறுந்தால் உன்னால் மாடிப்படி ஏறவும் ஏலாது. நீ சொல்லாவிட்டால் நான் சொல்வேன்."

முழங்காலுக்கு ஒத்தடம் கொடுக்க நனைத்திருந்த துவாயை என் முகத்துக்கு நேரே எறிவாள் போல இருந்தது. "நீ விளையாடுவதற்காகச் சொல்கிறாய்."

இல்லை என்று சொல்லியிருக்கலாம். "ஓம்," என்றேன், தமிழில்தான் வந்தது. பிறகு ஜெர்மனில், "அதற்காகவும்தான்." வெளியில் யாரோ எங்கள் பெயரைக் கூப்பிட்டார்கள். அவள் காலுறையை மெதுவாக இழுத்துவிட்டு, நொண்டாமல் நடக்க முயன்று, உவேயிடம் போனாள்.

இரண்டாம் பாதி முழுக்க மழை, ஆட்டம் சமநிலை. எதிரணிக்கு வெற்றி வேண்டும், அதனால் அவர்கள் எல்லாரும் எங்கள் கோல் பக்கம்தான் நின்றார்கள். நான் அன்று நன்றாக விளையாடினேன், அதை ஒளிக்கப் போவதில்லை. ஆனால் கடைசி அடியை நான் தடுக்கவில்லை. அது கம்பத்தில் பட்டு, பாய்ந்து விழுந்து கிடந்த என் முதுகில் பட்டு, கோல் கோட்டின் மேலே உருண்டது. எனக்குப் பந்து எங்கே என்று தெரியாது. பின்வரிசைக்காரிகள் கத்திய பக்கம் திரும்பி, கண்ணுக்குத் தெரிந்த வெள்ளை உருண்டைக்கு மேலே விழுந்தேன். நடுவர் எங்களை நோக்கி ஓடிவந்தார். கோல் என்று காட்டப்போகிறாரா இல்லையா என்று பார்க்கப் பயந்து முகத்தைப் புல்லுக்குள் வைத்துக்கொண்டேன். விசில் ஊதியது. ஒருத்தி, இரண்டு பேர், பிறகு முழு அணியும் எனக்கு மேலே விழுந்தபோதுதான், அது ஆட்டம் முடிந்த விசில் என்று தெரிந்தது.

எல்லாரும் ஆடிக்கொண்டிருக்க, கத்ரின் முழங்காலில் ஐஸ் கட்டிப் பெஞ்சில் இருந்தாள். போய்ப் பக்கத்தில் இருந்தேன். தசைநார் தப்பிவிட்டது என்று டொக்டர் அம்மா சொல்லிவிட்டுப் போயிருந்தா. கத்ரின் தன் துவாயில் பாதியை என் தலையில் போட்டுவிட்டுச் சொன்னாள்: "உவேயிடம் சொல்வேன் என்று மிரட்டினாயே, அதை மன்னித்துவிட்டேன். இவ்வளவு நன்றாக விளையாடினாயே, அதைத்தான் இன்னும் மன்னிக்கவில்லை."

ஆக, என் சக பாவிகளே, இந்தத் தொழிலில் உங்கள் வலியை முழுக்க விளங்கிக்கொள்கிற ஆள் உலகத்தில் ஒரேயொருத்திதான் இருப்பாள், அவள் உங்கள் இடத்துக்காகச் சப்பாத்துக் கட்டிக்கொண்டு காத்திருக்கிறவளாகவும் இருப்பாள்.